நிறைஞ்சது பஞ்சா, கணக்கா?

ப்ராஜெக்ட் ரிப்போர்ட் கொடுக்க ரெண்டே நாள். நாலு வருஷமா உழைச்ச எங்க வீட்டு பிரிண்டர் அன்னைக்குன்னு பார்த்து படுத்துக்கிச்சு. ரெண்டு விளக்கும் மாறி மாறி மின்னுது. உள்ளே ஏதோ பாகத்தோட ஆயுள் முடிஞ்சதாம், சர்வீஸ் சென்டருக்குப் போகணுமாம். போனேன். "இதுக்குச் செலவு பண்றதுக்குப் புதுசே வாங்கிரலாம்"னு இலவச அறிவுரை கிடைச்சது.

வண்ணார்பேட்டையில ரிப்பேர் கடை வெச்சிருக்கற அண்ணாச்சி சிரிச்சார். "மிஷினுக்கு ஒண்ணும் ஆகல தம்பி. கணக்கு முடிஞ்சிருச்சி, அம்புட்டுதான்."

அதென்ன கணக்கு? இங்க்ஜெட் பிரிண்டர் ஹெட்டைச் சுத்தம் பண்ணும்போதெல்லாம் கொஞ்சம் மையை வெளியே தள்ளும். அது அடியில இருக்கற பஞ்சுல ஊறும். பஞ்சு எவ்வளவு நனைஞ்சிருக்குன்னு தொட்டுப் பார்க்க பல மாடல்கள்ல சென்சார் கிடையாது. தள்ளின மையை மெமரியில ஒரு எண்ணா கூட்டிக்கிட்டே வரும். எல்லையைத் தொட்டதும் ஸ்டிரைக்!

காமர்ஸ் படிக்கற எனக்கு உடனே தேய்மானம்தான் ஞாபகம் வந்தது. புத்தகத்துல மதிப்பு பூஜ்யம் ஆயிடுச்சுன்னு எந்த முதலாளியும் ஓடற மிஷினை நிறுத்த மாட்டார். இங்கே நிறுத்தறது முதலாளி இல்லை, வித்தவர்!

இது என் புலம்பல் மட்டும் இல்லை. 2017-ல் பிரான்சுல ஒரு அமைப்பு எப்சன் உட்பட பிரிண்டர் கம்பெனிகள் மேல இந்த மாதிரி விஷயங்களுக்காகப் புகார் கொடுத்தது. நம்ம நாட்டுலயும் 2022-ல் மத்திய நுகர்வோர் துறை 'பழுது பார்க்கும் உரிமை'க்கு ஒரு குழு போட்டு, அதே வருஷக் கடைசியில இணையதளமும் திறந்தது. சில புது மாடல்கள்ல பஞ்சு ஒரு தனி டப்பாவா வருது, நாமளே மாத்திக்கலாம். ஆக, முடியாத காரியம் ஒண்ணும் இல்லை.

சரி, இப்போ என் தப்பு. அன்னைக்கு ராத்திரி அவசரத்துல ரீசெட் மட்டும் போட்டேன். எண் பூஜ்யம் ஆச்சு, ரிப்போர்ட்டும் போயாச்சு. ரெண்டு மாசம் கழிச்சு கீழ் அலமாரியில அம்மா வெச்சிருந்த வீட்டு வரி ரசீதெல்லாம் கறுப்பு! குடோனை எட்டிப் பார்க்காம ஸ்டாக் ரெஜிஸ்டரைத் திருத்தினா இப்படித்தான். படிச்ச பாடத்தை வீட்டுல மறந்துட்டேன்.

அப்புறம்தான் அண்ணாச்சிகிட்ட போய் புதுப் பஞ்சு போட்டேன். பழசை வாய்க்கால்ல அலசித் திரும்பப் போடலாம்னு ஒரு நண்பன் யோசனை சொன்னான். லே மக்கா, தாமிரபரணித் தண்ணியைத்தானே நெல்லையும் தூத்துக்குடியும் குடிக்குது? கவர்ல இறுக்கக் கட்டி, மின்குப்பையோட சேர்த்துக் கொடுத்தேன்.

இன்னொண்ணு. "ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணிட்டு ஓட்டுங்க"ன்னு சொல்ற ஓசி ரீசெட் சாஃப்ட்வேரை, பேங்க் கணக்கு பார்க்கற கம்ப்யூட்டர்ல ஏத்தாதீங்க.

என் கருத்து இவ்வளவுதான். காசு கொடுத்து வாங்கின பொருளோட பூட்டுக்குச் சாவி நம்ம கையில இருக்கணும். பஞ்சையும் ரீசெட் வசதியையும் கம்பெனி நியாயமான விலைக்கு விக்கட்டும். ஆனா சாவி கேக்கற நாம பொறுப்பையும் சேர்த்து வாங்கிக்கணும். முதல்ல பஞ்சு, அப்புறம்தான் எண்.

உங்க பிரிண்டரோட அடியில ஒரு தடவை தொட்டுப் பாருங்க, விரல் கறுப்பாச்சுன்னா அண்ணாச்சி கடைக்கு வழி சொல்றேன் :-)