கள்ளபார்ட் வீரண்ணா

பெங்களூரு காந்தி நகரில் குப்பி வீரண்ணா பெயரில் ஒரு நாடக அரங்கம் இருக்கிறது. கன்னட நடிகர் ராஜ்குமார் நடித்துப் பழகிய நாடகக் கம்பெனியின் முதலாளி என்ற அளவில்தான் பலருக்கும் அவரைத் தெரியும். மனிதர் அடிப்படையில் ஒரு சிரிப்பு நடிகர் என்பது பேச்சிலேயே வருவதில்லை.

நம்மூரில் ‘சதாரம்’ நாடகம் பார்த்தவர்களுக்குக் கள்ளபார்ட்டின் மவுசைச் சொல்ல வேண்டாம். ராஜபார்ட் பாடி முடிக்கும்வரை கொட்டாவி விடுகிற கூட்டம், திருடன் வந்ததும் நிமிர்ந்து உட்காரும். கன்னடத்தில் அந்த நாடகம் ‘சதாரமே’. அதில் திருடன் வேடம் என்றால் வீரண்ணாதான். இப்படி வாயாலேயே பிழைத்தவர் ஊமைப் படம் எடுக்கக் கிளம்பியதுதான் வேடிக்கை! 1930களின் தொடக்கத்தில் பெங்களூரிலேயே கம்பெனி தொடங்கி, ‘ஹரிமாயா’ உள்ளிட்ட சில படங்களை எடுத்தார். தமிழ்ப் படங்களும் இயக்கிய ஒய்.வி. ராவ் அங்கே இயக்குநர். 1935இல் ‘சதாரமே’ பேசும் படமானது.

ஊமைப் படம் அவருக்குப் பொருந்தாத சட்டை என்றே நினைக்கிறேன். ஆனாலும் பார்த்துவிட்டல்லவா சொல்ல வேண்டும்? இந்தியாவில் எடுத்த ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஊமைப் படங்களில் மிஞ்சியவை சொற்பம். பழைய நாடகக் குடும்பத்தார் யாரிடமாவது ஒரு துண்டுப் படச்சுருளோ ஸ்டில்லோ இருந்தால், பழைய பேப்பர்க்காரரிடம் போட்டுவிடாதீர்கள். புனே தேசியத் திரைப்படக் காப்பகத்துக்கு ஒரு கடிதம் எழுதுங்கள்.