பேச்சு போனாலும் மனசு இருக்கிறதே!

பக்கவாதம் வந்து ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பியவரைப் பார்க்க வருகிறவர்கள் எல்லோரும், "இப்ப எப்படி இருக்கு?" என்றுதான் கேட்பார்கள். கை கால் எவ்வளவு அசைகிறது, சாப்பாடு இறங்குகிறதா, பிரஷர் எத்தனை என்றெல்லாம் வீட்டுப் பெண்மணி ஒப்பித்துவிடுவாள். "மனசு எப்படி இருக்கு?" என்று கேட்பவர் அபூர்வம். கேட்டாலும், பேச்சு போய்விட்டவர் என்ன பதில் சொல்வார்?

பெரும்பாலானவர்களுக்குப் பேச்சுக்குரிய இடம் மூளையின் இடது பாகத்தில் இருக்கிறது. அங்கே அடி பட்டால் வலது கை காலோடு பேச்சும் விழுந்துவிடும். இதை டாக்டர்கள் 'அஃபேசியா' என்பார்கள். 1861-ல் பாரிஸ் நகரில் பால் புரோக்கா என்ற டாக்டரிடம் ஒரு நோயாளி வந்தார். எதைக் கேட்டாலும் 'டான், டான்' என்ற ஒரே சத்தம்தான் அவர் வாயிலிருந்து வந்தது. ஆனால் மற்றவர்கள் பேசுவதில் பெரும்பகுதி அவருக்குப் புரிந்தது என்று புரோக்கா எழுதி வைத்திருக்கிறார். சொல்லத் தெரியாதவருக்கு ஒன்றுமே தெரியாது என்று நாம் நினைத்துவிடக் கூடாது, சகோதரிகளே!

பக்கவாதம் வந்தவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு மனச்சோர்வு வருகிறது. அதை டாக்டர்கள் கேள்வி கேட்டுத்தான் கண்டுபிடிப்பது வழக்கம். "தூக்கம் வருதா? வாழ்க்கை அலுத்துப் போச்சா?" என்று கேட்பார்கள். பேச முடியாதவர் இந்தப் பரீட்சையில் தப்பி விடுகிறார். "மாமா சாதுவா படுத்திருக்கார், ஒரு தொந்தரவும் இல்லை" என்று நாமும் இருந்துவிடுகிறோம்.

முகத்தைப் பார்த்துச் சொல்லிவிடலாமே என்பீர்கள். அதுவும் நம்பிக்கையில்லை. ஒரு பக்கம் கோணிய முகத்தில் சிரிப்பும் தெரியாது, வருத்தமும் தெரியாது. இன்னும் சிலர் காரணமே இல்லாமல் பொலபொலவென்று அழுவார்கள், அல்லது அடக்க முடியாமல் சிரிப்பார்கள். அது மூளையின் கட்டுப்பாடு தளர்ந்ததால் வருவது. எப்போதும் மனத் துக்கம் என்று அர்த்தமில்லை.

இதற்குத்தான் படத்தைக் காட்டிக் கேட்கும் ஒரு முறை வந்திருக்கிறது. அமெரிக்காவில் ராபர்ட் ஸ்டெர்ன் என்ற நிபுணரும் அவரைச் சேர்ந்தவர்களும் உருவாக்கிய மனநிலை அளவுகோல் 1997-ல் வெளியாயிற்று. ஒரு தாளில் மேலே சாதாரணமான ஒரு முகம். கீழே வருத்தமான முகம். நடுவில் செங்குத்தாக 100 மில்லிமீட்டர் நீளத்துக்கு ஒரு கோடு. "இப்போ நீங்க எங்கே இருக்கீங்க?" என்றதும் அவர் கோட்டின் மேல் ஓர் அடையாளம் போட வேண்டும். மேல்முனையிலிருந்து ஸ்கேல் வைத்து அளந்தால் 0 முதல் 100 வரை மார்க் வந்துவிடும். இப்படியே பயம், குழப்பம், கோபம், களைப்பு, இறுக்கம், சந்தோஷம், சுறுசுறுப்பு என்று மொத்தம் எட்டுத் தாள்கள்.

கோடு ஏன் படுக்கையாக இல்லாமல் நிமிர்ந்து நிற்கிறது? மூளையில் அடிபட்ட சிலருக்கு ஒரு பக்கமே கவனத்துக்கு வராது. தட்டில் ஒரு பாதிச் சோற்றைச் சாப்பிட்டுவிட்டு மறு பாதியை அப்படியே வைத்து விடுவார்கள். அவர்களிடம் படுக்கைக் கோட்டைக் காட்டினால் அதிலும் பாதிதான் தெரியும்!

வீட்டிலும் இதுபோல ஒரு தாள் வைத்துக் கொள்ளலாம். இது நோயைத் தீர்மானிக்க அல்ல. "உன் மனசு எனக்கு முக்கியம்" என்று அவருக்குச் சொல்ல ஒரு வழி, அவ்வளவே. சில குறிப்புகள்:

* முதலில் அவருக்குக் கோடு புரிகிறதா என்று பாருங்கள். மேலே ஐஸ் தண்ணீர், கீழே கொதிக்கிற காபி என்று வரைந்து, "வெதுவெதுப்பான தண்ணி எங்கே?" என்று கேளுங்கள். நடுவில் விரல் வைத்தால் புரிந்துவிட்டது. மாறி மாறி எங்கேயோ வைத்தால் இந்த முறை அவருக்கு உதவாது.

* கண்ணாடி போடுகிறவருக்குக் கண்ணாடியை மாட்டிவிடுங்கள். இடது கையால் விரல் வைத்துக் காட்டினாலும் போதும்; அடையாளத்தை நீங்கள் போடலாம்.

* விருந்தாளிகள் முன்னால் கேட்காதீர்கள். தினமும் ஒரே நேரத்தில், நிதானமாகக் கேளுங்கள். "நல்லாத்தானே இருக்கீங்க?" என்று பதிலை நீங்களே எடுத்துக் கொடுக்காதீர்கள்.

* தேதி போட்டு எழுதி வையுங்கள். ஒரு நாள் மார்க்கைவிட, பல நாள் போக்குதான் டாக்டருக்கு உபயோகம்.

பேச்சு கடுமையாகப் பாதிக்கப்பட்டவருக்குப் படம் மட்டும் போதாது. கூட இருப்பவர் கவனித்துச் சொல்வதற்கென்றே இங்கிலாந்தில் 1998-ல் ஒரு கேள்வித்தாள் வெளியாயிற்று. அதில் பதில் சொல்ல வேண்டியது நீங்கள்தான்! இரவில் புரண்டு புரண்டு படுக்கிறாரா, பேசும்போது கண்ணைத் தவிர்க்கிறாரா, நாலு பேர் கூடும் இடத்துக்கு வர மறுக்கிறாரா, நாளெல்லாம் சும்மா உட்கார்ந்திருக்கிறாரா என்கிற மாதிரி விஷயங்கள் அதில் உண்டு. ராத்திரி பகலாகப் பக்கத்தில் இருக்கிற உங்களைவிட இதையெல்லாம் யார் அறிவார்கள்?

இரண்டு வாரத்துக்கு மேல் இப்படியே இருந்தாலோ, சாப்பாட்டையும் பயிற்சியையும் ஒதுக்கினாலோ, குறித்து வைத்த தாளோடு டாக்டரிடம் போங்கள். சோர்ந்த மனசு கை கால் தேறுவதையும் தாமதப்படுத்தும். உயிரே வேண்டாம் என்பது போலச் சைகை காட்டினால் ஒரு நாள்கூடக் காத்திருக்கக் கூடாது.

வைத்தியம் இருக்கிறது. தேவைப்பட்டால் மாத்திரை உண்டு. மாத்திரை இல்லாமலும் வழி உண்டு. அஃபேசியா உள்ளவர்களுக்கு, அவரவர் ரசிக்கும் காரியங்களை மெல்ல மெல்லத் தினசரி வாழ்க்கையில் திரும்பக் கொண்டுவந்தபோது மனநிலை தேறியதாக 2013-ல் வெளியான ஓர் இங்கிலாந்து ஆய்வு காட்டியது. பூப்பறிப்பதோ, ரேடியோவில் பாட்டுக் கேட்பதோ, பேரனோடு தாயம் ஆடுவதோ, அவருக்கு எது பிடித்திருந்ததோ அதை முதலில் தொடங்குங்கள்.

இன்னொன்று. அந்தத் தாளில் வாரம் ஒரு முறை உங்களுக்கும் ஓர் அடையாளம் போட்டுப் பாருங்கள். பணிவிடை செய்கிறவளின் மனசையும் யாரும் கேட்பதில்லை. உங்கள் கோடும் கீழேயே இருந்தால், 14416 என்ற டெலி மானஸ் எண்ணைக் கூப்பிட்டுப் பேசலாம். இது அரசாங்கத்தின் இலவச மனநல உதவி, தமிழிலேயே பேசலாம்.