12 ஆங்க்ரி மென் யார் படம்?

உலக சினிமா பற்றிப் பேசும் நண்பர்களே, ஒரு கேள்வி. '12 ஆங்க்ரி மென்' யார் படம்? ஹென்றி ஃபோண்டா என்பீர்கள். கொஞ்சம் விவரமானவர்கள் சிட்னி லூமெட் என்பீர்கள். ரெஜினால்ட் ரோஸ் என்று ஒருத்தர் சொல்லியும் நான் கேட்டதில்லை.

நியூயார்க்கில் தானே ஜூரியாக உட்கார்ந்த அனுபவத்தை வைத்து ரோஸ் எழுதியது அது. 1954-ல் சிபிஎஸ் டிவியின் 'ஸ்டுடியோ ஒன்'னில் நேரலை நாடகமாக வந்தது. அதில் லூமெட்டும் இல்லை, ஃபோண்டாவும் இல்லை. 1957-ல்தான் சினிமா. 1986-ல் பாசு சட்டர்ஜி அதையே இந்தியில் 'ஏக் ருகா ஹுவா ஃபைஸ்லா' என்று எடுத்தார். டைரக்டர், நடிகர், மொழி எல்லாம் மாறியும் மாறாமல் நின்றது எது? எழுத்துதானே!

"டைரக்டர் இல்லாவிட்டால் அது வெறும் பேப்பர்தானே?" என்பீர்கள். லூமெட் அபாரம்தான், மறுக்கவில்லை. ஆனால் வெறும் பேப்பரையா மூன்று பேர் எடுப்பார்கள்?

இன்னொரு கூத்து. ரோஸைத் தோற்கடித்துத் திரைக்கதை ஆஸ்கரை வாங்கியது 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்'. விருதில் இருந்தது நாவலாசிரியர் பியர் பூலின் பெயர். உண்மையில் எழுதிய கார்ல் ஃபோர்மனும் மைக்கேல் வில்சனும் கம்யூனிஸ்ட் முத்திரை குத்தப்பட்டு ஹாலிவுட்டின் தடைப்பட்டியலில் இருந்தவர்கள். 1984-ல்தான் ஆஸ்கர் அகாடமி திருத்தியது. அதற்குள் வில்சன் இறந்து ஆறு வருஷம்!

காமர்ஸ் படிப்பவர்களுக்குத் தெரியும். வரவைத் தப்பான ஆள் கணக்கில் வைத்தாலும் ட்ரையல் பேலன்ஸ் டேலி ஆகிவிடும். தப்பு மட்டும் உள்ளேயே கிடக்கும். நாமும் அப்படித்தான் கணக்கு எழுதுகிறோம்.