இடிபாடுகளின் நடுவே ஒரு பகல்



வழமையாக இந்தப் பக்கத்தில் எமது கிராமங்களில் நான் சந்திக்கும் பெண்களைப் பற்றியே எழுதுவேன். இம்முறை சற்றுத் தூரம் போக வேண்டியிருக்கிறது. மத்திய அமெரிக்காவிலுள்ள குவாத்தமாலா என்னும் நாட்டில், பழைய மாயா நகரொன்றின் இடிபாடுகளைப் பார்த்து வந்த ஒரு நாளைப் பற்றிச் சொல்லப் போகிறேன். "இடிஞ்ச சுவர் பார்க்க அவ்வளவு தூரம் போகவேணுமோ, எங்கட ஊரில இல்லாததோ?" என்று உங்களில் பலர் கேட்பது எனக்கு விளங்குகிறது. என் அம்மாவும் அதைத்தான் கேட்டார்.

2019ஆம் ஆண்டு நவம்பர் மாதம், காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்களோடு வேலை செய்பவர்களுக்கான பயிற்சிப் பட்டறை ஒன்றுக்காக அங்கு போயிருந்தேன். பட்டறை முடிந்து ஒரு நாள் மிச்சமிருந்தது. தங்கியிருந்த அன்ரிகுவா நகரில் பெரிய பஸ்களில் ஆட்களை ஏற்றிச் செல்லும் சுற்றுலாக்கள் நிறைய உண்டு. நானும் நேபாளத்திலிருந்து வந்திருந்த ஒரு சகோதரியும் நாட்படியில் மிச்சம் பிடித்த காசைச் சேர்த்து, எங்கள் இருவருக்கு மட்டுமாக ஒரு வாகனமும் வழிகாட்டியும் ஒழுங்கு செய்தோம். கூட்டத்தோடு ஓடாமல் ஆறுதலாகக் கேள்வி கேட்டுப் பார்க்கலாம் என்பதுதான் எண்ணம்.

விடியற்காலை எங்களை ஏற்ற வந்தவர் நாற்பது வயதைத் தாண்டிய ஒரு பெண். தோளில் சிவப்புப் பட்டை போட்ட, கையால் நெய்த மேற்சட்டை அணிந்திருந்தார். ஒவ்வொரு ஊருக்கும் ஒவ்வொரு நெசவு. சட்டையைப் பார்த்தே எந்த ஊர்ப் பெண் என்று சொல்லிவிடலாம் என்றார். அவர் ஊர் சான் ஹுவான் கோமலாப்பா. கக்சிக்கேல் என்னும் மாயா இனத்தைச் சேர்ந்தவர். வீட்டில் கக்சிக்கேல் மொழி, வெளியில் ஸ்பானிய மொழி, எங்களைப் போன்றவர்களோடு ஆங்கிலம். இங்கே அவரை அக்கா என்றே எழுதுகிறேன்.

வாகனத்தில் ஏறியதும் நான் என் படிப்பைக் காட்டிக்கொள்ள நினைத்து, "மாயா மக்கள் ஏன் அழிந்துபோனார்கள்?" என்று கேட்டுவிட்டேன். அக்கா திரும்பிப் பார்த்துச் சிரித்தார். "அழிந்துபோனவள்தான் உனக்கு முன்னால் இருக்கிறேன்" என்றார். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்த காலத்தில் "மறைந்துபோன மாயா நாகரிகம்" என்றுதான் நான் குறிப்பு எழுதினேன். உண்மையில் 9ஆம் நூற்றாண்டளவில் திக்கால் போன்ற தாழ்நிலக் காட்டு நகரங்களில் அரச ஆட்சிகள் சரிந்தன, நகரங்கள் கைவிடப்பட்டன. மக்கள் வேறிடங்களில் வாழ்ந்துகொண்டேயிருந்தார்கள். இன்றும் குவாத்தமாலாவில் இருபதுக்கும் மேற்பட்ட மாயா மொழிகள் பேசப்படுகின்றன.

நாங்கள் போன இடத்தின் பெயர் இஷிம்ச்சே. "இஷிம்" என்றால் சோளம், "ச்சே" என்றால் மரம். தெக்பான் என்ற சிறு பட்டினத்துக்கு அருகில், கடல் மட்டத்திலிருந்து 2,200 மீற்றருக்கும் மேலே, மூன்று பக்கமும் ஆழமான பள்ளத்தாக்குச் சூழ்ந்த மேட்டில் இருக்கிறது. சுற்றிவரப் பைன் மரங்கள். நல்ல குளிர். நாங்கள் இருவரும் சால்வையால் மூடிக்கொண்டே நடந்தோம்.

1470ஆம் ஆண்டளவில் கிச்சே என்ற பலமான அயல் அரசிலிருந்து பிரிந்து வந்த கக்சிக்கேல் மக்கள் இந்த நகரைக் கட்டினார்கள். எதிரி இலகுவில் ஏற முடியாத இடமென்றுதான் இதைத் தெரிந்தெடுத்தார்கள். படிப்படியாக உயரும் கோயில் மேடைகள், முற்றங்கள், பந்து விளையாடிய இரண்டு களங்கள் ஆகியவற்றை இப்போதும் காணலாம். வீடுகளில் மிஞ்சியிருப்பது அத்திவாரமும் தாழ்ந்த சுவர்களும்தான். புல் வளர்ந்த அத்திவாரங்களின் நடுவே நடந்தபோது, மீள்குடியேறிய நாட்களில் பற்றைகளை வெட்டி வெட்டி, "இதுதான் எங்கட குசினி, இதுதான் சாமியறை" என்று எனக்குக் காட்டிய பெண்களின் முகங்கள் நினைவுக்கு வந்தன.

அக்கா ஒரு அத்திவாரத்தின் அருகில் நின்று, மூன்று விரல்களைக் குவித்து அடுப்பு எப்படி இருக்கும் என்று காட்டினார். மூன்று கல் அடுப்பு! "எங்களுக்கும் அதுதான்" என்று நானும் நேபாளச் சகோதரியும் ஒன்றாகச் சொன்னோம். மாயா மக்களுக்கு அந்த மூன்று கற்களும் உலகம் படைக்கப்பட்டதோடு சம்பந்தப்பட்டவை. மனிதனே சோளமாவில் உருவாக்கப்பட்டவன் என்பது அவர்களின் நம்பிக்கை. சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் அவித்து, கழுவி, அரைத்துத்தான் ரொட்டி தட்டுவார்கள். அப்படி அவித்தால்தான் சோளத்திலுள்ள ஒரு முக்கிய உயிர்ச்சத்து உடம்பில் சேரும். விஞ்ஞானம் பின்னர் கண்டுபிடித்ததை அவர்களின் பாட்டிமார் கைப்பழக்கத்தில் வைத்திருந்தார்கள்.

நகரம் எப்படி அழிந்தது? 1524இல் பெத்ரோ டி அல்வராடோ என்ற தளபதியோடு ஸ்பானியர் வந்தார்கள். கக்சிக்கேல் மக்கள் முதலில் அவர்களை நண்பர்களாக ஏற்று, கிச்சே அரசுக்கு எதிரான போரில் படையும் கொடுத்து உதவினார்கள். அந்த ஆண்டே ஸ்பானியர் தமது முதல் தலைநகரை இங்கேயே அமைத்தார்கள். பிறகு பொன் கேட்டார்கள். கொடுக்கக் கொடுக்க இன்னும் கேட்டார்கள். தாங்க முடியாமல் மக்கள் நகரை விட்டு மலைகளுக்கும் காடுகளுக்கும் இடம்பெயர்ந்தார்கள். 1526இல் நகரம் எரிக்கப்பட்டது. காட்டிலிருந்தபடி 1530 வரை எதிர்த்து நின்றார்கள். இதையெல்லாம் அந்த மக்களே 16ஆம் நூற்றாண்டில், இலத்தீன் எழுத்தைப் பழகி, தமது சொந்த மொழியில் எழுதி வைத்தார்கள். வென்றவன் எழுதியதோடு தோற்றவர் எழுதியதும் இருப்பதால்தான் இன்று அக்காவால் எங்களுக்கு இந்தக் கதையைச் சொல்ல முடிகிறது.

இடிபாடுகளின் கடைசியில், மரங்களுக்கு அடியில் புகை எழுந்தது. ஒரு குடும்பம் நெருப்பு வளர்த்து வழிபட்டுக்கொண்டிருந்தது. கிழக்குக்குச் சிவப்பு, மேற்குக்குக் கறுப்பு, வடக்குக்கு வெள்ளை, தெற்குக்கு மஞ்சள் என்று நிறம் நிறமாக மெழுகுதிரிகள். சாம்பிராணி போன்ற ஒரு பிசின் வாசனை. இது அவர்களுக்குப் பழம்பொருட் காட்சியிடம் அல்ல, கோயில். இப்படிப்பட்ட இடங்களில் வழிபடும் உரிமை 1995இல் கையெழுத்தான பழங்குடி மக்களின் உரிமைகள் பற்றிய உடன்படிக்கையில் சேர்க்கப்பட்டது.

அந்த நேரம் வேறொரு குழுவில் வந்த ஒருவர் நெருப்புக்கு அருகில் போய்க் கமராவை நீட்டினார். அழுதுகொண்டிருந்த ஒரு வயதான அம்மாவின் முகத்துக்கு நேரே அதைப் பிடித்தார். எங்கள் அக்கா போய் மெதுவாக அவரிடம் கதைத்தார். அவர் கமராவை இறக்கினார். "என்ன சொன்னீர்கள்?" என்று கேட்டேன். "உங்கள் தாயின் செத்தவீட்டில் நான் இப்படிப் படம் எடுக்கலாமா என்று கேட்டேன்" என்றார்.

போர் முடிந்த பின்னர் எமது பகுதிகளுக்கும் பஸ் பஸ்ஸாகச் சனம் வந்து, கிளிநொச்சியில் விழுந்து கிடந்த தண்ணீர்த் தாங்கியின் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு போனதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அந்தத் தாங்கியில் தண்ணீர் குடித்து வளர்ந்தவர்களிடம் அவர்களில் எத்தனை பேர் ஒரு வார்த்தை கேட்டிருப்பார்கள்?

குவாத்தமாலாவிலும் 1960 முதல் 1996 வரை, 36 ஆண்டுகள் உள்நாட்டுப் போர் நடந்தது. 1980 ஜனவரி 31ஆம் திகதி தலைநகரில் ஸ்பானியத் தூதரகத்தில் புகுந்து நீதி கேட்ட பழங்குடி விவசாயிகள் உள்ளேயே தீயில் கருகினார்கள். பின்னாளில், 1992இல், சமாதானத்துக்கான நோபல் பரிசு பெற்ற ரிகொபெர்த்தா மெஞ்சுவின் தந்தையும் அவர்களில் ஒருவர். அடுத்த மாதமே பழங்குடித் தலைவர்கள் இந்த இஷிம்ச்சேயில் கூடிப் பிரகடனம் வெளியிட்டார்கள். 1999இல் வெளிவந்த உண்மை ஆணைக்குழுவின் அறிக்கை, 200,000இற்கும் அதிகமானோர் கொல்லப்பட்டும் காணாமல் ஆக்கப்பட்டும் போனதாக மதிப்பிட்டது. அடையாளம் காணப்பட்டவர்களில் 83 வீதமானோர் மாயா மக்கள்.

பகல் உணவின்போது அக்கா என் வேலையைப் பற்றிக் கேட்டார். 2017 பெப்ரவரி முதல் கிளிநொச்சியில் பிள்ளைகளின் படங்களோடு வீதியோரத்தில் அமர்ந்திருக்கும் அம்மாமாரைப் பற்றிச் சொன்னேன். சற்று நேரம் பேசாமல் இருந்தவர், "உங்களுக்கு நேரம் இருந்தால் இன்னொரு இடம் காட்டுகிறேன். அது சுற்றுலாவில் இல்லை" என்றார்.

அவருடைய ஊரான கோமலாப்பாவுக்குப் போனோம். ஊருக்கு வெளியே, 1980களில் இராணுவ முகாம் இருந்த காணி. கொனாவிகுவா என்பது 1988இல் மாயா விதவைப் பெண்கள் தொடங்கிய அமைப்பு. அதன் தலைவியருள் ஒருவரான ரொசலீனா துயூக் இந்த ஊர்க்காரர். தகப்பனையும் கணவனையும் பறிகொடுத்தவர். பின்னர் பாராளுமன்றத்துக்கும் தெரிவானார். அந்தப் பெண்களின் விடாமுயற்சியால் 2003 தொடக்கம் 2005 வரை தடயவியல் நிபுணர்கள் இந்தக் காணியைத் தோண்டினார்கள். 220 பேரின் எச்சங்கள் கிடைத்தன. பெயர் கண்டுபிடிக்க முடியாத 172 பேரை 2018இல் அதே மண்ணில் மரியாதையோடு அடக்கம் செய்து, அதை நினைவிடமாக்கினார்கள். சுவர்களில் பெயர்கள் எழுதப்பட்டிருக்கின்றன.

அங்கே நின்றுதான் அக்கா தன் கதையைச் சொன்னார். 1981இல் அப்பாவைக் கூட்டிக்கொண்டு போனபோது அவருக்கு மூன்று வயது. தோண்டிய நாட்களில் அம்மா தினமும் வந்து குழியருகில் இருந்தாராம். மரபணுச் சோதனைக்கு இரத்தம் கொடுத்தும் இதுவரை ஒன்றோடும் பொருந்தவில்லை. "ஆனாலும் அம்மா இங்கே வந்து பெயரில்லாதவர்களுக்குப் பூ வைப்பார். எங்கோ ஓரிடத்தில், யாரோ ஒருத்தி என் மனுசனுக்கும் பூ வைப்பாள் என்று சொல்லுவார்."

எங்கள் மூவருக்கும் அதன் பிறகு கொஞ்ச நேரம் கதை வரவில்லை.

திரும்பி வரும்போது, "வருகிற எல்லோருக்கும் இதைச் சொல்லுவீர்களா?" என்று கேட்டேன். "இல்லை. கல்லைப் பற்றிக் கேட்டால் சொல்லுவேன், அது என் தொழில், அதற்குத்தான் காசு வாங்குகிறேன். அப்பாவைப் பற்றி, நானாக விரும்பினால் மட்டும் சொல்லுவேன். அதற்குக் காசு வாங்குவதில்லை" என்றார்.

சகோதரிகளே, இந்த வார்த்தை என்னைச் சுட்டது. எத்தனை படிவங்களோடு எத்தனை வீட்டுப் படலைகளைத் திறந்திருக்கிறேன்! போன முறை வந்தவர் கேட்ட அதே கேள்விகளை நானும் கேட்டு, உங்களை மறுபடி அழவைத்துவிட்டு, கையெழுத்தும் வாங்கிக்கொண்டு வந்திருக்கிறேன். உதவி கிடைக்காமல் போய்விடுமோ என்ற பயத்தில்தான் பலர் சொல்கிறீர்கள் என்பதும் எனக்குத் தெரியும். இனி யார் வந்து கேட்டாலும், அது நானாக இருந்தாலும், முதலில் நீங்கள் கேளுங்கள்: "இதை எதற்குக் கேட்கிறீர்கள்? எங்கே எழுதுவீர்கள்? என் பெயர் வருமா?" பதில் திருப்தியில்லையென்றால், "இன்றைக்குச் சொல்ல மனமில்லை" என்று சொல்ல உங்களுக்கு முழு உரிமை உண்டு.

ஆனால் வீட்டுக்குள் சொல்லாமல் விட்டுவிடாதீர்கள். பழைய கிணறு எங்கே இருந்தது, பள்ளிக்கூடத்துக்கு எந்த ஒழுங்கையால் போனோம், எந்த மரத்தின் கீழ் அம்மன் இருந்தாள் என்பதைப் பிள்ளைகளோடு நடந்து காட்டுங்கள். ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். இஷிம்ச்சேயின் கற்களுக்கு அர்த்தம் சொல்ல அங்கே பிறந்த ஒரு பெண் இருந்தார். எங்கள் ஊர்களைப் பார்க்க நாளைக்கு யாரும் வந்தால், வழிகாட்டுவது நாங்களாக இருக்க வேண்டாமா?

அடுத்த மாதம் சந்திப்போம்.