அப்பா வேஷமா? கூப்பிடு கணேஷை!

சேலத்திலிருந்து தருமபுரி போகும் வழியில் அதியமான்கோட்டையில் இறங்கி, ஏதாவது ஒரு டீக்கடையில் டெல்லி கணேஷின் படத்தைக் காட்டிப் பாருங்கள். பெயரைச் சட்டென்று சொல்லிவிடுவார்கள். "அவர் படம் ஒன்று சொல்லுங்கள்" என்றால்தான் சிக்கல். ஆளுக்கொரு கமல் படத்தைச் சொல்வார்கள். குணச்சித்திர நடிகரின் தலையெழுத்து அது. நானூறு படங்களுக்கு மேல் நடித்தாலும், படம் என்னவோ இன்னொருவருடையதுதான்.

பெயரில் டெல்லி இருந்தாலும் ஆள் வல்லநாட்டுக்காரர். தாமிரபரணித் தண்ணீர்! 1964-லிருந்து பத்து வருடம் இந்திய விமானப்படையில் வேலை. டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்துப் பழகினார். மாதச் சம்பளமும் மரியாதையும் உள்ள வேலையை விட்டுவிட்டு நடிக்கப் போகிறேன் என்றால் எந்த வீட்டில் சரி என்பார்கள்? விட்டார். கே.பாலசந்தர் 'பட்டினப் பிரவேசம்' படத்தில் அறிமுகப்படுத்தி, கணேசனை 'டெல்லி கணேஷ்' ஆக்கினார்.

1979-ல் 'பசி' படத்துக்காகத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. 1981-ல் 'எங்கம்மா மகாராணி'யில் கதாநாயகனாகவே நடித்துப் பார்த்தார். ஆனால், சினிமா அவரைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டது நாயகனுக்குப் பக்கத்தில் நிற்கத்தான்.

அந்தப் பக்கத்து இடம் சும்மா இல்லை. 'சிந்து பைரவி'யில் குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வரும் மிருதங்க வித்வான் குருமூர்த்தியை நினைத்துப் பாருங்கள். குடியை அருவருக்கும் பாடகர் ஜே.கே.பி. பின்னால் தானே குடியில் விழும்போது நமக்கு வலிக்கிறதே, அந்த வலிக்கு விதை போட்டவர் குருமூர்த்திதான். 'நாயகன்' படத்தில் வேலு நாயக்கர் பெரியவராகத் தெரிவதில் கூடவே நிற்கும் ஐயருக்கும் பங்கு உண்டு.

1989-ல் 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் கமலின் அப்பாவைக் கொல்லும் கும்பலில் ஒருவர். அடுத்த வருடமே 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் அதே கமலை வளர்த்த அப்பா, பாலக்காட்டுச் சமையல்காரர் மணி ஐயர்! கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்த கதை எல்லோருக்கும் தெரியும். அடுத்த முறை அந்தக் காட்சி வந்தால் கமலை விட்டுவிட்டு மணி ஐயர் முகத்தை மட்டும் பாருங்கள். சிரிக்க வைக்கவேண்டும் என்ற எண்ணமே அதில் இருக்காது. பிழைப்பு போய்விடுமே என்ற நிஜமான பயம்தான் இருக்கும். நமக்கு வயிறு வலிக்கச் சிரிப்பு வருவதே அதனால்தான். திருநெல்வேலிப் பக்கத்து நாக்கு பாலக்காட்டுத் தமிழ் பேசியதைப் பற்றித் தனியாகவே எழுதலாம்.

'அவ்வை சண்முகி', 'தெனாலி' என்று அந்தக் கூட்டணி அப்புறமும் தொடர்ந்தது. டிவி சீரியல், குறும்படம் என்று எதையும் அவர் சின்னதாக நினைக்கவில்லை.

2024 நவம்பர் 9 அன்று, எண்பது வயதில் சென்னையில் காலமானார். திரையுலகினர் திரண்டு வந்தார்கள். விமானப்படையினரும் வந்து, தங்கள் கொடியைப் போர்த்தி மரியாதை செய்தார்கள். அவர் அந்த வேலையை விட்டு ஐம்பது வருடம் ஆகியிருந்தது.