இயந்திரம் யாருக்காக?

தை மாதத்தில் தஞ்சை வட்டாரத்துச் சம்பா வயல்களில் இன்று அரிவாளைக் காண்பது அரிதாகி வருகிறது. பலர் கூடிப் பல நாள் செய்த வேலையை அறுவடை இயந்திரம் சில மணி நேரத்தில் முடித்துவிடுகிறது. முதுகு வளைந்து கதிரறுத்த துன்பம் குறைந்தது நன்றே. ஆனால், கூலி நெல்லை நம்பியிருந்த குடும்பங்கள் என்ன செய்யும்? ஏறத்தாழ நூறு ஆண்டுகளுக்கு முன்பே அறிவியல் புனைவிலக்கியம் இத்தகைய வினாவை எழுப்பியது.

முதல் உலகப்போரில் இயந்திரங்களின் அழிவாற்றலை ஐரோப்பா கண்டது. போர் முடிந்தபின், செக் எழுத்தாளர் காரெல் சாபெக் 1920இல் ‘ஆர்.யூ.ஆர்.’ என்னும் நாடகத்தை வெளியிட்டார். ‘ரோபோ’ என்னும் சொல்லை உலகிற்கு வழங்கியது இந்நாடகமே. அச்சொல்லின் வேரான ‘ரோபோட்டா’, பண்ணையடிமைகள் நிலவுடைமையாளருக்குக் கட்டாயமாகச் செய்த உழைப்பைக் குறிக்கும். நாடகத்தில், உழைப்பதற்கென்றே உருவாக்கப்பட்ட ரோபோக்கள் கிளர்ந்தெழுந்து மனித இனத்தை அழிக்கின்றன. ஒருவரை மட்டும் விட்டுவைக்கின்றன; அவரும் தம்மைப்போல் கைகளால் உழைப்பவர் என்பதே காரணம்.

இச்சொல்லின் பொருளைக் காவிரிக் கரையினருக்கு விளக்க வேண்டியதில்லை. 1925 முதல் 1934 வரை மேட்டூரில் மாபெரும் அணை எழுந்தது. அந்த அணையின் நீர் பாய்ந்த வயல்களில் பண்ணையாள் முறையும் நீடித்தது. பண்ணையாள்களுக்குப் பாதுகாப்பளிக்கும் சட்டம் வந்தது 1952இல்தான். அறிவியல் வளர்ந்தால் அடிமைத்தனம் தானே அகன்றுவிடும் என்பது உண்மையன்று.

ஃபிரிட்ஸ் லாங் இயக்கிய ‘மெட்ரோபோலிஸ்’ (1927) என்னும் மௌனப்படத்தில், செல்வர் வானுயர்ந்த மாளிகைகளில் வாழ்கின்றனர். தொழிலாளர் நிலத்தடியில் இயந்திரங்களோடு போராடுகின்றனர். இறுதியில் இரு தரப்பினரும் கைகுலுக்குகின்றனர். காட்சி மனத்தைத் தொடுகிறது. எனினும், அந்த இயந்திரங்கள் இனி யாருக்கு உரியவை என்ற வினாவைப் படம் விடுவிக்கவில்லை. அதுவே அதன் குறை என்பது என் கருத்து.

அறிவியல் புனைகதை வெறும் கற்பனை விளையாட்டு என்பார் உளர். கற்பனைதான், ஆனால், நிகழ்காலத்தை விலகி நின்று காண உதவும் கற்பனை. காவிரி சூழ்ந்த திருவரங்கத்தில் வளர்ந்த சுஜாதா, ‘என் இனிய இயந்திரா’வில் ஜீனோ என்னும் இயந்திர நாயைப் படைத்து, சர்வாதிகார ஆட்சியைப் பற்றி நம்மைச் சிந்திக்க வைத்தார்.

மாணவர்களே! நாளைய டெல்டாவைப் பற்றிய புனைகதைகளை நீங்கள் எழுத வேண்டும். விதைக்கும் இயந்திரமும் மருந்து தெளிக்கும் டிரோனும் அவற்றில் இடம்பெறட்டும். அவற்றால் ஓய்வு பெறுபவர் யார், வேலை இழப்பவர் யார் என்பதையும் எழுதுங்கள். அவ்வினாவைக் கேட்கத் தவறினால், உங்கள் கதையில் இயந்திரம் இருக்கும், மனிதர் இருக்கமாட்டார்.