சிறுவர் பந்தைத் தலையால் முட்டலாமா?

திருவனந்தபுரத்தில் வலியசாலைத் தெருக்கள் முதல் பொழியூர்க் கடற்கரை வரை சிறுவர்க்குக் கால்பந்து உவப்பான ஆட்டம். உயர்ந்து வரும் பந்தைத் தலையால் முட்டுவது அதில் ஒரு திறமையாகவே கற்பிக்கப்படுகிறது. அது வளரும் மூளைக்கு ஏற்றதுதானா என்பதை ஆசிரியர்கள் சிந்திக்கவேண்டிய காலம் வந்துவிட்டது.

மூளை மண்டையோட்டினுள் ஒரு திரவத்தில் மிதக்கின்றது. பந்து மோதுங்கால் மண்டையோடு திடீரென அசைகிறது. மூளை சற்றுப் பிந்தி அசைகிறது. அவ்வேளையில் நுண்ணிய நரம்பிழைகள் இழுபடுகின்றன. ஒரு மோதலால் வலியோ மயக்கமோ தோன்றாதிருக்கலாம். ஆயினும் ஆண்டுக்கணக்கில் இம்மோதல்கள் சேர்வதே கவலைக்குரியது. முற்காலத்துத் தோல் பந்து மழையில் நீரை உறிஞ்சிக் கனத்தது. இன்றைய பந்து அவ்வாறு கனப்பதில்லை. எனினும் 410 முதல் 450 கிராம் எடையுள்ள பொருள் விரைந்து வந்து தலையில் மோதுகிறது என்பது மாறவில்லை.

இங்கிலாந்தின் ஆட்டக்காரர் ஜெஃப் ஆஸ்டில் 2002-ல் தமது 59-ஆம் வயதில் மறதி நோயுற்று இறந்தார். பந்தை ஓயாது தலையால் முட்டியதால் விளைந்த தொழில்நோய் அது என்று மரண விசாரணை அதிகாரி தீர்ப்பளித்தார். 2019-ல் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தார் 7,676 முன்னாள் ஸ்காட்லாந்து ஆட்டக்காரரின் பதிவுகளை ஆராய்ந்தனர். நரம்புச் சிதைவு நோயால் இறப்பது அவர்களிடையே ஏறத்தாழ மூன்றரை மடங்கு மிகுந்திருந்தது. 2021-ல் வெளியான தொடராய்வில், தலையால் முட்டுதல் அரிதான கோல் காப்பாளரிடம் இவ்வேறுபாடு தெளிவாகக் காணப்படவில்லை. தற்காப்பு ஆட்டக்காரரிடமோ அது ஏறக்குறைய ஐந்து மடங்காயிற்று. முட்டுதலின் எண்ணிக்கையை இவ்வாராய்ச்சி நேரே அளக்கவில்லை. எனினும் அது காட்டும் திசை புறக்கணிக்கத்தக்கதன்று.

நம் நாட்டிலோ தலைக்காயம் வீரக்கதையாகிவிடுகிறது. 1962-ல் ஜாகர்த்தா ஆசிய விளையாட்டில் ஜர்னைல் சிங் தலையில் தையலுடன் இறுதியாட்டம் ஆடிக் கோலும் அடித்தார்; இந்தியா தென்கொரியாவை 2-1 என வென்றது. அவருடைய உறுதி போற்றத்தக்கது. ஆனால் தலைக்காயத்தோடு ஆடுவதை மாணவர்க்கு முன்மாதிரியாகக் கூறுதல் தகாது.

ஆட்டத்தையே நிறுத்த வேண்டுமோ எனில், வேண்டா. அதே கிளாஸ்கோ ஆராய்ச்சியில் இதயநோயால் இறந்தோர் ஆட்டக்காரரிடையே குறைவாகவே இருந்தனர். விலக்கவேண்டியது முட்டுதல் ஒன்றே. அமெரிக்கா 2015-ல் பத்து வயதிற்குட்பட்டோர்க்கு அதனைத் தடுத்தது. இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் 2020-ல் தொடக்கப் பள்ளி வயதினரின் பயிற்சியிலிருந்து நீக்கின.

நம் பள்ளிகளும் ஆணைக்குக் காத்திராமல் இதனைச் செய்யலாம். சிறுவர்க்கு ஏற்ற சிறிய பந்தைத் தருக. பன்னிரண்டு வயதுவரை காலாட்டத்தையே கற்பிக்க. தலையில் அடிபட்ட சிறுவனை அன்று மீண்டும் களத்தில் இறக்காதீர். களப்பணியாளர், ஆடுவோரின் பெயர், நிலை, ஆடிய ஆண்டுகள் ஆகியவற்றைப் பதிவேட்டில் எழுதி வைப்பாராக. ஸ்காட்லாந்தின் உண்மை வெளிப்பட்டது அத்தகைய பதிவேடுகளால்தான்.